வீசிடி, நாடா, கைப்பேசி: வீட்டுக் காணொளிகளை எந்த வடிவத்துக்கு மாற்றுவது?

பர்மாவின் ரங்கூனிலும் மோல்மீனிலும் தட்டோனிலும் உள்ள தமிழ்க் குடும்பங்களின் அலமாரிகளில் காணொளிகள் அடுக்கடுக்காகத் தங்கியிருக்கின்றன. அடித்தட்டில் விஎச்எஸ் நாடாக்களும் மினி-டிவி நாடாக்களும் இருக்கும். அதற்கு மேல் கல்யாண வீசிடிகளும் கோயில் திருவிழா டிவிடிகளும் இருக்கும். எல்லாவற்றுக்கும் மேலே, கைப்பேசியிலிருந்து இறக்கிய கோப்புகள் நிரம்பிய ஹார்டு டிஸ்க் ஒன்று இருக்கும். இவற்றை எதற்கு மாற்றுவது என்று கடையில் கேட்டால் ‘எம்பி4’ என்று ஒரே சொல்லில் பதில் வந்துவிடும். அந்தப் பதில் தவறன்று என்றாலும், முடிவெடுக்க வேண்டிய நான்கைந்து செய்திகளை அது தொடுவதே இல்லை. எந்தக் கோடெக் (படத்தைச் சுருக்கி எழுதும் முறை), எந்தத் தர எண், நாடாவில் இருக்கும் இடைவரிகளை என்ன செய்வது, மின்சாரம் முறை வைத்து வரும் வீட்டில் எந்த வேகத்தில் இந்த வேலையைச் செய்வது என்பவையே உண்மையான கேள்விகள்.

முதலில் ஒன்றைத் தெளிவாக்கிக் கொள்ள வேண்டும். எம்பி4, எம்கேவி, ஏவிஐ என்பவை வெறும் உறைகள். உறைக்குள் இருக்கும் கடிதம் எந்த மொழியில் எழுதப்பட்டிருக்கிறது என்பதைக் கோடெக்தான் தீர்மானிக்கிறது. உறையை மட்டும் மாற்றினால் படத்தின் தரம் ஒரு புள்ளிகூடக் குறையாது, வேலையும் சில நிமிடங்களில் முடிந்துவிடும். கோடெக்கை மாற்றினால், வழக்கமான அமைப்புகளில் அசலில் சிறிதளவாவது இழப்பு உண்டு. ஆகவே ஒப்பிட வேண்டிய முதல் வழி, மறுகுறியாக்கமே (படத்தை விரித்து மீண்டும் சுருக்கி எழுதுவது) செய்யாமல் விடுவதுதான். எஃப்எஃப்எம்பெக் மென்பொருளில் ‘காப்பி’ என்னும் கட்டளை இதைத்தான் செய்கிறது. பலரும் விரும்பிப் பயன்படுத்தும் ஹேண்ட்பிரேக் என்னும் மாற்று மென்பொருளில் ஒலியை அப்படியே கடத்த முடியும். படத்தை அவ்வாறு கடத்த முடியாது, எப்போதும் புதிதாகவே எழுதும். உறையை மட்டும் மாற்ற நினைப்பவர் ஹேண்ட்பிரேக்கைத் திறப்பது தேவையற்ற வேலையாகும்.

வீசிடிக்கு இந்த முதல் வழியே பெரும்பாலும் போதுமானது என்பது என் கருத்து. வீசிடியில் இருப்பது எம்பெக்-1 படம். தொலைக்காட்சி முறைகள் இரண்டில், என்டிஎஸ்சி முறையில் 352-க்கு 240 புள்ளிகள், பிஏஎல் முறையில் 352-க்கு 288 புள்ளிகள், நொடிக்கு 1150 கிலோபிட் அளவு, ஒலிக்கு 224 கிலோபிட். ஒரு தட்டில் ஏறத்தாழ 74 நிமிடம் அடங்கும். இந்தப் படம் பிறக்கும்போதே கட்டம் கட்டமாக உடைந்த படம். அதை எச்.264 என்னும் பிற்காலக் கோடெக்குக்கு உயர்தர அமைப்பில் மாற்றினால், புதிய கோடெக் அந்த உடைசல்களையும் படத்தின் நுணுக்கம் என்று நினைத்து அக்கறையோடு காப்பாற்ற முயலும். கோப்பு சில வேளைகளில் அசலைவிடப் பெரிதாகவும் வந்து நிற்கும். 1080 வரிகளுக்குப் பெரிதாக்கிக் கொடுப்பதாகச் சொல்பவர்களிடம் பணம் கொடுக்க வேண்டாம். படத்தில் இல்லாத முக நுணுக்கங்களை எந்த எண்ணும் கொண்டுவராது. தட்டிலுள்ள கோப்பை ஹார்டு டிஸ்க்குக்கு நகலெடுத்து, எம்கேவி உறைக்குள் வைத்துவிட்டால் கணினியிலும், விஎல்சி செயலி நிறுவிய கைப்பேசியிலும் ஓடும். கல்யாண வீசிடிகள் வழக்கமாக இரண்டு தட்டுகளாக வரும். முதல் தட்டு தாலி கட்டுவதற்குச் சற்று முன் முடிந்துவிடுவது ஒளிப்பதிவாளர்களின் பொதுப் பழக்கம் போலும். இரண்டு தட்டுகளும் ஒரே அளவீடுகளில் இருப்பதால் மறுகுறியாக்கம் இல்லாமலேயே ஒன்றாக இணைத்துவிடலாம். வீட்டுத் தொலைக்காட்சியின் யுஎஸ்பி துளையில் எம்பெக்-1 ஓடவில்லை என்றால் மட்டும், பார்ப்பதற்கென ஒரு எச்.264 நகல் எடுத்தால் போதும்.

நாடாக்களுக்கு வரும்போது கதை மாறுகிறது. பர்மாவின் அரசுத் தொலைக்காட்சி 1980-இல் என்டிஎஸ்சி முறையில் ஒளிபரப்பைத் தொடங்கியது; நொடிக்கு 29.97 படங்கள், 480 வரிகள். தமிழ்நாட்டிலிருந்து உறவினர்கள் கொண்டுவந்த நாடாக்களும் டிவிடிகளும் இந்தியாவின் பிஏஎல் முறையில், நொடிக்கு 25 படங்களும் 576 வரிகளுமாக இருக்கும். அதனால் ஒரே குடும்பத்தின் பெட்டியில் இரண்டு முறைகளும் கலந்து கிடப்பது இங்கே இயல்பு. ‘நம் நாட்டுக்கு என்டிஎஸ்சி’ என்ற பழைய பழக்கத்தில், பிஏஎல் நாடாவை 29.97-க்கு மாற்றிக் கொடுப்பவர்கள் இன்னமும் இருக்கிறார்கள். அப்படி மாற்றினால் ஏறத்தாழ ஒவ்வொரு ஐந்து படத்துக்கும் ஒரு படம் இரட்டிப்பாகி, நடந்து வருபவர் விட்டுவிட்டு இழுப்பது போலத் தெரிவார். 576 வரிகளை 480 ஆகக் குறைப்பதால் ஆறில் ஒரு பங்கு வரிகளும் போய்விடும். இன்றைய தொலைக்காட்சிகளும் கைப்பேசிகளும் கணினிகளும் இரண்டு வேகங்களையும் காட்டக்கூடியவை. எந்த வேகத்தில் பதிவானதோ அதே வேகத்தில் விடுவதே சரி. ஹேண்ட்பிரேக்கில் படவேகத்தை ‘மூலத்தைப் போலவே’ என்ற பொருளுள்ள தேர்வில் வைக்க வேண்டும்.

நாடாவிலும் வீட்டு டிவிடியிலும் அதைவிடப் பெரிய சிக்கல் இடைவரிகள்தான். அக்காலக் கேமராக்கள் ஒரு முழுப் படத்தை ஒரே நேரத்தில் எடுக்கவில்லை; ஒற்றைப்படை வரிகளை ஒரு கணத்திலும் இரட்டைப்படை வரிகளை அடுத்த கணத்திலும் எடுத்து, இரண்டையும் பின்னி ஒரே படமாக வைத்தன. பழைய குழாய்த் தொலைக்காட்சியில் அது தெரியாது. தட்டைத் திரையில் நிறுத்திப் பார்த்தால், காவடி சுழலும் இடத்தில் மயிற்பீலியின் ஓரம் சீப்புப் பல் போலக் கிழிந்து தெரியும். இதை அப்படியே மறுகுறியாக்கம் செய்தால் கிழிசல் நிரந்தரமாகப் படத்தில் பதிந்துவிடும். எனவே இடைவரி நீக்கம் கட்டாயம்; அதை ஒரே ஒரு முறை, முறையாகச் செய்ய வேண்டும்.

இங்கே இரண்டு வழிகள் உண்டு. முதல் வழியில் இரண்டு அரைப்படங்களைக் கலந்து ஒரு படமாக்குகிறார்கள், 29.97 படங்கள் 29.97 ஆகவே இருக்கும், ஆனால் அசைவின் பாதி தொலைந்துவிடும். இரண்டாம் வழியில் ஒவ்வொரு அரைப்படத்தையும் ஒரு முழுப் படமாக விரித்து, நொடிக்கு 59.94 படங்களாகவும், பிஏஎல் என்றால் 50 படங்களாகவும் எழுதுகிறார்கள். ஹேண்ட்பிரேக்கில் யாடிஃப் வடிகட்டியை ‘பாப்’ என்ற தேர்வோடு வைத்தாலும், எஃப்எஃப்எம்பெக்கில் பிடபிள்யூடிஃப் வடிகட்டியை வைத்தாலும் இது நடக்கும். கோப்பு ஓரளவு பெரிதாகும் என்பது உண்மை. ஆனால் தீமிதியில் பக்தர் குழியில் இறங்கி ஓடும் அந்தச் சில நொடிகளை இரண்டு வழிகளிலும் மாற்றி அருகருகே ஓட்டிப் பார்த்தால், பிறகு யாரும் முதல் வழிக்குத் திரும்ப மாட்டார்கள். வரி வரிசையையும் கவனிக்க வேண்டும்: மினி-டிவி நாடாவில் கீழ்வரி முதலில் வரும், மற்ற மூலங்களில் மேல்வரி முதலில் வரலாம். இதைத் தவறாக வைத்தால் அசைவு முன்னுக்கும் பின்னுக்குமாகத் துடிக்கும். பத்து நொடி ஓட்டிப் பார்த்தாலே தெரிந்துவிடும்.

புள்ளி வடிவத்தையும் இதோடு சேர்த்துச் சொல்லிவிடுகிறேன். 720-க்கு 480 என்று சேமிக்கப்பட்ட படம் உண்மையில் 4-க்கு 3 என்ற விகிதத்தில் காட்டப்பட வேண்டியது. அந்தக் குறிப்பு மாற்றத்தில் தொலைந்தால் மணமகனும் மணமகளும் சற்றே பருத்துத் தெரிவார்கள். விகிதக் குறிப்பைக் காக்கும் தானியங்கித் தேர்வை வைக்கலாம். பழைய தொலைக்காட்சி அதை மதிக்கவில்லை என்றால் 640-க்கு 480 என்று எழுதிவிடலாம்.

இப்போது கோடெக்குகளை ஒப்பிடலாம். எச்.264 2003-இல் வந்தது, எச்.265 2013-இல் வந்தது. ஏவி1 2018-இல் வந்தது. ஒவ்வொன்றும் முந்தையதைவிடக் குறைந்த அளவில் அதே தரத்தைத் தரும் நோக்கத்தோடு பிறந்தது, பெரிய படங்களில் அந்த வாக்கை ஓரளவு காப்பாற்றவும் செய்கிறது. எச்.265 பற்றிப் பேசும்போது ‘பாதி அளவு’ என்று சொல்வது வழக்கம். 4கே படத்தில் அதை நெருங்கலாம். ஆனால் 480 வரி நாடாப் படத்தில் மிச்சம் மிகவும் குறைவு. மேலும் நாடாவில் எப்போதும் ஓடிக்கொண்டிருக்கும் இரைச்சல் புள்ளிகளை எச்.265 குறைந்த அளவில் வழித்துவிடும் இயல்புடையது. முகங்கள் மெழுகு பூசியது போல வரும். பத்தாண்டுக்கு மேற்பட்ட தொலைக்காட்சிகள் பலவற்றில் அது ஓடாது. விண்டோஸ் கணினியிலும் கூடுதல் நீட்சி நிறுவச் சொல்லிக் கேட்கக்கூடும். ஏவி1-க்கு உரிமக் கட்டணம் இல்லை என்பது நல்ல செய்திதான் என்றாலும், அதைத் தானே விரிக்கும் சில்லு ஐபோன்களில் 2023-இல் வந்த 15 புரோவிலிருந்துதான் இருக்கிறது. பழைய கைப்பேசிகளில் மென்பொருள் வழியாக ஓடி மின்கலத்தைத் தின்னும்.

எனவே நாடாவுக்கும் டிவிடிக்கும் எச்.264 என்பதில் எனக்குத் தயக்கம் இல்லை. இங்கே கோப்பைப் பெறப்போகிறவர் யார் என்று பார்த்தால் முடிவு இன்னும் எளிதாகும்: மாமியார் வீட்டுத் தொலைக்காட்சி, கோயில் அலுவலகத்தின் பழைய கணினி, கிராமத்தில் இருக்கும் சித்தப்பாவின் கைப்பேசி. மூன்றிலும் கேள்வி கேட்காமல் ஓடுவது எச்.264 மட்டுமே. அதையும் 8-பிட் நிற அளவில்தான் எழுத வேண்டும், 10-பிட் எச்.264-ஐக் கைப்பேசிச் சில்லுகள் பெரும்பாலும் விரிப்பதில்லை.

கைப்பேசிக் கோப்புகளுக்கு வேறு தீர்ப்பு. ஐபோன்கள் 2017-இல் வந்த ஐஓஎஸ் 11 முதலே எச்.265-இல் எடுக்கின்றன, பல ஆண்ட்ராய்டு கைப்பேசிகளும் அப்படி எடுக்கக்கூடியவை. இவற்றை மாற்றாமல் அப்படியே வைப்பதே சேமிப்புக்கு நல்லது. 4கே கோப்புகள் டிஸ்க்கை நிரப்புகின்றன என்றால் மட்டும் எச்.265-இன் 10-பிட் வகையில் சுருக்கலாம். இரவு வானமும் புகையும் வரும் காட்சிகளில் நிறம் படிக்கட்டாக உடைவதை அந்த 10-பிட் பெருமளவு தடுக்கிறது. அண்மைக் கைப்பேசிகள் இந்த வகையைச் சிரமமின்றி ஓட்டுகின்றன.

தர எண்ணைப் பற்றி நிறையக் குழப்பம் நிலவுகிறது. பிட்ரேட்டை, அதாவது நொடிக்கு எத்தனை கிலோபிட் என்பதை, நாமே நிர்ணயிப்பது ஒரு வழி. சிஆர்எஃப் என்னும் தர எண்ணை மட்டும் கொடுத்து, பிட்ரேட்டை மென்பொருளே முடிவு செய்ய விடுவது மற்றொரு வழி. தீமிதிப் பதிவு ஒன்றை எடுத்துக்கொள்வோம். முதல் அரை மணி நேரம் பூசாரி கரகம் சோடிக்கிறார். படத்தில் அசைவே இல்லை. பிறகு தீக்குழியின் தணல், காற்றில் எழும் சாம்பல், நூற்றுக்கணக்கான தலைகள், தெறிக்கும் மஞ்சள் நீர். நொடிக்கு 1500 கிலோபிட் என்று கட்டிவிட்டால் கரகத்துக்கு அது மிகுதி, தணலுக்கு அது பற்றாது. யாருக்காக மாற்றுகிறோமோ அந்தப் பக்தர் கட்டம் கட்டமாக உடைந்து ஓடுவார். சிஆர்எஃப் முறையோ அமைதியான இடத்தில் மிச்சம் பிடித்துத் தீக்குழியில் தாராளமாகச் செலவழிக்கும். கோப்பின் இறுதி அளவை முன்கூட்டிச் சொல்ல முடியாது என்பது மட்டுமே அதன் குறை. குறிப்பிட்ட அளவுக்குள் கட்டாயம் அடங்க வேண்டும் என்ற நிலையில்தான் இருமுறை ஓட்டத்தோடு (முதலில் அளந்து, பிறகு எழுதுவது) கூடிய பிட்ரேட் முறை பொருளுள்ளது.

எச்.264-ஐ எழுதும் எக்ஸ்264 குறியாக்கியில் இந்த எண் 0 முதல் 51 வரை செல்லும். இயல்பாக 23 இருக்கும். எண் குறையக் குறையத் தரம் உயரும். ஏறத்தாழ ஆறு எண் குறைத்தால் கோப்பு இரு மடங்காகும். ஹேண்ட்பிரேக்கின் ஆவணம் 480, 576 வரிப் படங்களுக்கு 18 முதல் 22 வரையும், 1080 வரிப் படங்களுக்கு 20 முதல் 24 வரையும் பரிந்துரைக்கிறது. சிறிய படத்துக்கு ஏன் கூடுதல் தரம் என்றால், அது பெரிய திரையில் விரிக்கப்படும்போது ஒவ்வொரு பிழையும் சேர்ந்தே விரிகிறது. நாடாக்களுக்கு 18 வைக்கிறேன். டிவிடிக்கு 19 அல்லது 20. அதற்குக் கீழே இறங்குவது இரைச்சலைச் சேமிப்பதற்கே உதவும். ஒரு கோடெக்கின் எண்ணை மற்றொன்றோடு ஒப்பிடவே கூடாது: எக்ஸ்265-இன் இயல்பு எண் 28, ஏவி1-க்கான எஸ்விடி குறியாக்கியின் இயல்பு எண் 35. ‘நான் 28-இல் மாற்றினேன்’ என்று ஒருவர் சொன்னால், எதில் என்று கேட்காமல் அந்த எண்ணுக்குப் பொருள் இல்லை.

எண்ணை உறுதி செய்வதற்கு முன் பதிவின் மிகக் கடினமான ஒரு நிமிடத்தைத் தேர்ந்து அதை மட்டும் மாற்றிப் பார்க்க வேண்டும். அந்த ஒரு நிமிடம் பெரும்பாலும் இரவு நேரத் தணலாகவோ, மத்தாப்புப் பொழிவாகவோ, சரிகைச் சேலைகள் நெருங்கி நிற்கும் ஆரத்தியாகவோ இருக்கும். கணினித் திரையில் நன்றாக இருப்பது தொலைக்காட்சியில் கறுப்புப் பகுதிகளில் சதுரம் சதுரமாகத் தெரியலாம். எங்கே பார்க்கப் போகிறார்களோ அங்கேயே சோதிப்பது நல்லது.

ஒலிக்கு நீண்ட பேச்சு தேவையில்லை: ஏஏசி, ஸ்டீரியோ, 160 அல்லது 192 கிலோபிட். 96-க்கு இறக்கினால் பேச்சு தப்பிவிடும், நாதஸ்வரமும் தவிலும் சேரும் இடத்தில் ஒலி கரகரக்கும்.

இனி மின்சாரம். அண்மை ஆண்டுகளில் ரங்கூனில் மின்சாரம் முறை வைத்து வந்து போகிறது. சிறு ஊர்களில் நிலைமை இன்னும் கடினம். வெளிநாட்டு வழிகாட்டிகள் ‘இரவு முழுக்க ஓட விடுங்கள்’ என்று எழுதுவது இங்கே உதவாது. ஹேண்ட்பிரேக் பாதியில் நின்ற வேலையை விட்ட இடத்திலிருந்து தொடராது. அதைவிட மோசமாக, எம்பி4 கோப்பின் அட்டவணை வேலை முடியும்போதுதான் எழுதப்படுகிறது; இடையில் மின்சாரம் போனால் இரண்டு மணி நேர வேலையும் திறக்க முடியாத கோப்பாகக் கிடக்கும். எம்கேவி அப்படியன்று, நின்ற இடம் வரை ஓடும். ஆகவே முதலில் எம்கேவியாக எழுதி, எல்லாம் முடிந்த பிறகு ‘காப்பி’ முறையில் எம்பி4 உறைக்கு மாற்றிக்கொள்வதே இங்குள்ள சூழ்நிலைக்குப் பொருத்தம். நீண்ட பதிவை இருபது இருபது நிமிடப் பகுதிகளாக மாற்றி இறுதியில் இணைப்பதும் நல்ல வழி. இன்வர்ட்டரை நம்பிக் கோபுரக் கணினியை ஓட்டுவதைவிட, மின்கலம் நல்ல நிலையில் உள்ள மடிக்கணினியில் செய்வது பாதுகாப்பானது.

இந்தக் காரணத்துக்காகவே வேகமும் தரத்தின் ஒரு பகுதியாகிறது. ‘மீடியம்’ என்ற இயல்பு வேகத்தைவிட ‘ஸ்லோ’ ஓரளவு சிறிய கோப்பைத் தரும். ‘வெரி ஸ்லோ’ எடுக்கும் நேரத்துக்கு அது தரும் மிச்சம் ஈடாகாது. ஒரே சிஆர்எஃப் எண்ணில் வேகத்தைக் கூட்டினால் முதலில் அடிபடுவது கோப்பின் அளவுதான், படம் அல்ல. எனவே மின்சாரம் குறைவான நாளில் ‘ஃபாஸ்ட்’ வைத்தால் குற்றமில்லை. வரைகலைச் சில்லின் வன்பொருள் குறியாக்கி பல மடங்கு வேகமானது; ஆனால் அதே அளவில் எக்ஸ்264-இன் ‘ஸ்லோ’ தரும் தரத்தை, குறிப்பாக இரைச்சல் நிறைந்த நாடாப் படத்தில், அது எட்டுவதில்லை. பகிர்வதற்கான கைப்பேசிக் கோப்புகளுக்கு வன்பொருள்; திரும்பப் படியெடுக்க முடியாத நாடாவுக்கு மென்பொருள். ஏவி1 இந்தக் கணக்கிலும் பின்தங்குகிறது.

அசலை வைத்துக்கொள்ளும் செலவையும் கணக்கிட வேண்டும். மினி-டிவி நாடா ஃபயர்வயர் என்னும் இணைப்புக் கம்பி வழியாக இறங்கினால் மணிக்கு ஏறத்தாழ 13 ஜிபி. 1 டிபி டிஸ்க்கில் சுமார் 75 மணி நேரம் அடங்கும். ஒரு குடும்பத்தின் எல்லா நாடாக்களும் அதற்குள் வந்துவிடும் என்பதால், எச்.264 நகல் எடுத்த பிறகும் அசல் கோப்புகளை அழிக்காமல் வைப்பதே என் பரிந்துரை. கைப்பேசி 4கே-க்கு அந்தச் சலுகையை எல்லோராலும் கொடுக்க முடியாது.

பகிர்வதில் ஒரு எச்சரிக்கை. செய்திச் செயலிகளில் வீடியோவாக அனுப்பினால் அவை தாமே மறுபடி சுருக்கிவிடும். நாம் 18 வைத்துப் பாடுபட்டது வீணாகும். கோப்பாக இணைத்து அனுப்ப வேண்டும். டெலிகிராமில் 2 ஜிபி வரை அப்படி அனுப்பலாம். பென் டிரைவில் கொடுப்பதாக இருந்தால், ஃபேட்32 அமைப்பில் 4 ஜிபிக்கு மேற்பட்ட ஒற்றைக் கோப்பு ஏறாது, பழைய தொலைக்காட்சிகள் பல வேறு அமைப்பைப் படிப்பதும் இல்லை. அந்த எல்லைக்குள் அடக்குவதற்காகத் தர எண்ணை உயர்த்த வேண்டாம். பதிவை முகூர்த்தம், வரவேற்பு என்று இரண்டு கோப்புகளாகப் பிரித்து, தொலைக்காட்சி அவற்றை வரிசையாக ஓட்டும்படி பெயரின் முன்னால் 01, 02 என்று எண் இட்டுக் கொடுத்தால் போதும்.